கூடமில்லாத கரையிலிருந்து: இலங்கை அரங்கக் கட்டடங்களும் அவற்றில் ஆடியவர்களும்

1911ஆம் ஆண்டு நாடக வரலாற்றில் விசேஷமான ஆண்டு. வொல்கா நதிக்கரையிலுள்ள ரஷ்ய நகரமான யாரோஸ்லாவ்லில் அந்த இலையுதிர் காலத்தில் ஒரு புதிய நாடக அரங்கு திறக்கப்பட்டது. அதே ஆண்டு டிசெம்பர் 6ஆம் திகதி கொழும்பு மருதானையில் டவர் மண்டபம் திறக்கப்பட்டது. தமிழ்நாட்டிலிருந்து பம்மல் சம்பந்த முதலியாரின் சுகுண விலாச சபா இலங்கைக்கு வந்து நாடகம் போட்டதும் அதே 1911தான். ஒன்றையொன்று அறியாத இந்த மூன்று நிகழ்ச்சிகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால், நாடகத்துக்கும் அது குடியிருக்கும் கட்டடத்துக்கும் உள்ள உறவு தெளிவாகிறது. புத்தளம் தில்லையடியில் இருந்து பார்க்கும்போது அது இன்னும் தெளிவாகத் தெரிகிறது. எங்கள் கரையில் நாடகம் இருந்தது, கூடம் இருக்கவில்லை.

யாரோஸ்லாவ்ல் அரங்கின் தொடக்கம் ஒரு தோல் கிடங்கு. ஃபியோதர் வொல்கோவ் என்ற வணிகக் குடும்பத்து இளைஞர், மாற்றாந்தந்தை வைத்திருந்த அந்தக் கிடங்கிலே 1750இல் நண்பர்களைச் சேர்த்து நாடகம் நடத்தினார். செய்தி மகாராணி எலிசவெத்தாவின் காதுக்கு எட்டியது. 1752இல் அந்தக் குழு தலைநகருக்கு அழைக்கப்பட்டது. 1756இல் ரஷ்யாவின் பொது நாடக அரங்கை நிறுவும் ஆணை பிறந்தபோது அதன் முதன்மை நடிகராக நின்றவர் வொல்கோவ். நூற்றைம்பது ஆண்டுகளுக்கு மேல் கழித்து யாரோஸ்லாவ்ல் நகரசபை வடிவமைப்புப் போட்டி நடத்தி, நிக்கொலாய் ஸ்பிரின் என்ற கட்டடக் கலைஞரின் வரைபடத்தைத் தேர்ந்து இன்றைய கட்டடத்தை எழுப்பியது. அதன் உச்சியில் அப்பொலோ சிலை நிற்கிறது. அரங்குக்கு வைத்த பெயரோ தோல் கிடங்கில் ஆடியவருடையது. நாடகக் குழு முதலில், கட்டடம் பிறகு என்ற வரிசையை அந்த ஊர் மறக்கவில்லை. இன்றும் அங்கே நிரந்தர நடிகர் குழு இருக்கிறது. கட்டடத்தின் சாவி அவர்களுக்கானது.

மருதானையில் வரிசை வேறு. டவர் மண்டபத்தைக் கட்டியவர் ஜி. டொன் ஹென்றிக் செனவிரத்ன என்ற வர்த்தகர். பார்சிப் பாணியில் உருவான சிங்கள நூர்த்தி நாடகத்துக்குக் கூட்டம் குவிந்த காலம் அது. பம்பாயிலிருந்து வந்த பார்சி நாடகக் குழுக்களின் பாட்டும் பட்டாடையும் சீன் திரைகளும் கொழும்பு இரசிகரை மயக்கிப் பல ஆண்டுகள் ஆகியிருந்தன. நாடகாசிரியர் ஜோன் டி சில்வா வட இந்திய இசைவாணர் விஸ்வநாத் லவ்ஜியை வைத்து மெட்டமைத்த 'சிரிசங்கபோ' 1903இலேயே மேடையேறியிருந்தது. அந்தப் பாடல்கள் இன்றும் சிங்கள வீடுகளில் ஒலிக்கின்றன. அந்த அலையின் உச்சியில் எழுந்தது கடிகாரக் கோபுரம் வைத்த டவர் மண்டபம். சார்ள்ஸ் டயஸின் 'பண்டுகாபய' அங்கே முதலில் ஆடப்பட்டது. பௌத்த மறுமலர்ச்சித் தலைவர் அநகாரிக தர்மபாலவும் அன்று வந்திருந்தார் என்பதை வைத்தே அந்தக் கட்டடத்துக்கு இருந்த அரசியல் பொருளை ஊகிக்கலாம். சிங்கள மன்னர்களும் பௌத்த தியாகிகளும் அந்த மேடையில் உயிர்பெற்று எழுந்தார்கள். ஆனால் அவர்கள் பாடிய இராகம் இந்தியாவிலிருந்து வந்தது, அவர்கள் பின்னால் தொங்கிய படுதாவும் அங்கிருந்தே வந்தது. யாழ்ப்பாணத்தில் கொட்டகைக் கூத்துப் பார்த்தவருக்கு அந்தப் படுதா புதிதாக இருந்திருக்காது. ஒரே ஊற்று, இரண்டு வாய்க்கால்.

வணிகத்தில் பிறந்தது வணிகத்தில் வீழ்ந்தது. பேசும்படம் வந்ததும் நூர்த்தியின் கூட்டம் கலைந்தது. டவர் மண்டபம் படமாளிகையானது. நடிகர்கள் சிதறினார்கள். அந்தத் தலைமுறையின் கதையில் எங்கள் மேற்குக் கரைக்கும் ஒரு பங்கு உண்டு. நீர்கொழும்பில் பி.ஏ.டபிள்யூ. ஜயமான்ன நடத்திய மினர்வா நாடகக் குழுவின் 'கடவுனு பொரொந்துவ' என்ற நாடகம்தான் முதல் சிங்களப் பேசும்படமானது. 1947 ஜனவரி 21இல் கொழும்பில் திரையிடப்பட்ட அந்தப் படத்தைத் தயாரித்தவர் எஸ்.எம். நாயகம் என்ற தமிழர். படம்பிடித்த இடம் மதுரை. கதாநாயகி ருக்மணி தேவி கொழும்புச் செட்டிக் குடும்பத்தில் பிறந்தவர். சிங்கள நாடகம் சிங்கள சினிமாவானது தமிழ்நாட்டு ஸ்டூடியோ ஒன்றின் கூரையின் கீழ் என்பதை இரு மொழி வரலாற்றாசிரியர்களும் இன்னும் அழுத்திச் சொல்ல வேண்டும்.

டவர் மண்டபம் மீண்டது 1978இல். டவர் மண்டப அரங்க நிதியச் சட்டம் அந்த ஆண்டு நிறைவேறியது, ஆர். பிரேமதாசவின் முயற்சி அது. மீட்கப்பட்டது சுவரும் கூரையும் மட்டும் இல்லை. முதுமையில் தளர்ந்திருந்த பழைய நடிகர்களைத் தேடி உதவித்தொகை கொடுக்கும் வேலையையும் அந்த நிதியம் ஏற்றது. ஓர் அரங்கின் மரபுரிமை அதில் ஆடியவரின் வயிற்றிலும் இருக்கிறது என்று ஒரு சட்டம் ஒப்புக்கொண்டது பெரிய விஷயம்.

இனித் தமிழ் அரங்கின் பக்கம் வருவோம். 1911இல் சம்பந்த முதலியாரின் குழு ஆடியதைக் கண்டு கிளர்ந்தவர்களில் ஒருவர், பின்னாளில் கலையரசு என்று போற்றப்பட்ட க. சொர்ணலிங்கம். முதலியாரையே ஆசானாக வரித்துக்கொண்டவர். கொழும்பில் 1913இல் இலங்கை சுபோத விலாச சபையும், யாழ்ப்பாணத்தில் 1914இல் சரஸ்வதி விலாச சபையும் எழுந்தன. படித்தவர்களும் உத்தியோகத்தர்களும் வேஷம் கட்டத் தொடங்கினார்கள். ஆனால் சென்னையில் முதலியாரின் சபைக்கு விக்டோரியா பொது மண்டபம் வாய்த்ததுபோல் இங்கே எந்தச் சபைக்கும் ஒரு வீடு வாய்க்கவில்லை. கிடைத்த மண்டபத்தில் ஆடினார்கள். இன்னொரு பக்கம் தகரக் கொட்டகைகளில் இசை நாடகம் விடிய விடிய நடந்தது. காங்கேசன்துறை வி.வி. வைரமுத்து (1924–1989) அரிச்சந்திரனாக மயான காண்டத்தில் நின்று பாடியபோது கேட்டவர்கள் அழுதது கோயில் வீதிகளில். கல்லில் கட்டிய கூடம் எதுவும் அவருக்குத் தேவைப்படவில்லை, எவரும் அவருக்குக் கட்டிக்கொடுக்கவும் இல்லை.

கூத்தின் கதையைத்தான் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். மட்டக்களப்பில் ஒரு கூத்து உருவாகும் முறையைக் கவனியுங்கள். முதலில் சட்டங்கொடுத்தல். கூத்தைப் பழக்கும் அண்ணாவியார் ஊரவர் முன்னிலையில் ஆளுக்குத் தக்க பாத்திரத்தைக் கொடுப்பார். பிறகு மாதக்கணக்கில் பழக்கம். கால் பழகியதும் சதங்கை அணி விழா. அதன் பின் அடுக்குப் பார்த்தல். கடைசியில்தான் அரங்கேற்றம். அதோடு முடியாது, வீட்டுக்கு வீடு போய் ஆடுவதும் உண்டு. ஆடுமிடம் வட்டக்களரி: மண்ணை மேடாக்கிக் கம்பு நட்டு வெள்ளை கட்டிய வட்டம். நடுவில் மத்தளத்தோடு அண்ணாவியார், அவரைச் சுற்றி ஆட்டம், ஆட்டத்தைச் சுற்றி ஊர். கூத்து முடிந்த மறுநாள் கம்பைப் பிடுங்கினால் அங்கே வெறும் நிலம்தான் இருக்கும். வரலாற்றுச் சின்னமென்று பலகை நட ஓர் இடமும் மிஞ்சாது. ஆனால் ஓர் ஊர் முழுவதும் சேர்ந்து மாதக்கணக்கில் எழுப்பிய அரங்கு அது. யாரோஸ்லாவ்லில் கல்லாக நிற்பது இங்கே மனிதர்களின் காலிலும் தொண்டையிலும் நின்றது.

பேராசிரியர் சு. வித்தியானந்தன் 1960களில் பேராதனைப் பல்கலைக்கழக மாணவரைக் கொண்டு 'கர்ணன் போர்', 'நொண்டி நாடகம்', 'இராவணேசன்' ஆகியவற்றை மேடையேற்றினார். இரவிரவாக ஆடிய கூத்து ஒன்றரை மணி நேர அளவுக்குச் சுருங்கியது. வட்டம் மேடைச் சட்டத்துக்குள் வந்தது. நான்கு பக்கம் பார்த்து ஆடிய கால், ஒரு பக்கம் பார்த்து ஆடக் கற்றது. கூத்தைப் படித்தவர் அரங்குக்குக் கொண்டுவந்த பெருமை அவருடையது, அதில் ஐயமில்லை. இராவணனாக ஆடிய மாணவர் சி. மௌனகுரு பின்னர் அந்த மரபின் தலைசிறந்த ஆய்வாளரானார். இருந்தும் அந்த மாற்றத்தில் கட்டடத்துக்கு இருந்த பங்கை நம் ஆய்வுகள் குறைத்தே பேசுகின்றன. கூத்தின் நீளத்தையும் திசையையும் தீர்மானித்ததில் அண்ணாவியாருக்கு இருந்த இடத்தை நகர மண்டபத்தின் வாடகை நேரமும் மேடைச் சட்டமும் எடுத்துக்கொண்டன என்பதே என் கணிப்பு.

கொழும்பில் அப்போது நாடகக்காரர் எல்லோரும் விரும்பிய இடம் லயனல் வென்ட் அரங்கு. புகைப்படக் கலைஞரும் பியானோ வித்தகருமான லயனல் வென்ட் 1944இல் மறைந்தார். அவர் வாழ்ந்த நிலத்தில் எழுந்த அரங்கு 1953 டிசெம்பர் 12இல் மாக்சிம் கோர்க்கியின் 'அடித்தளம்' நாடகத்துடன் திறக்கப்பட்டது. ரஷ்ய நாடகம் ஒன்று கொழும்பு அரங்கின் கதவைத் திறந்துவைத்தது. மூன்று ஆண்டுகள் கழித்து, 1956 நவம்பரில், எதிரிவீர சரச்சந்திரவின் 'மனமே' அதே மேடையில் பிறந்தது. சிங்கள நாடகத்தின் திருப்புமுனை என்று அதைச் சொல்லாதவர் இல்லை. 'மனமே'யின் ஆட்டமும் பாட்டும் நாடகம எனும் பழைய வடிவத்திலிருந்து வந்தவை. அந்த வடிவம் தமிழ்க் கத்தோலிக்கக் கூத்திலிருந்து பிறந்தது என்று சரச்சந்திரவே ஆய்ந்து எழுதியிருக்கிறார்.

அந்தக் கத்தோலிக்கக் கூத்து வழங்கிய நிலத்தில் எங்கள் கரையும் அடங்கும். மன்னாரில் வடபாங்கு, தென்பாங்கு என்று இரு பாணியாக அது வளர்ந்தது. அங்கு ஆடப்பட்ட 'எண்டிறிக்கு எம்பரதோர்', 'மூவிராசாக்கள்' ஆகிய நாடகங்களை வித்தியானந்தன் அச்சேற்றினார். மன்னாரிலிருந்து கற்பிட்டி, சிலாபம், நீர்கொழும்பு வரை கடலோரக் கோயில் முற்றங்கள் இந்த மரபின் அரங்குகள். 18ஆம் நூற்றாண்டில் யாக்கோமே கொன்சல்வெஸ் அடிகள் தமிழில் எழுதிய வியாகுலப் பிரசங்கம் தபசு காலத்தில் இன்றும் பாடப்படுகிறது. நீர்கொழும்பு துவாவில் இயேசுவின் பாடுகளைச் சொல்லும் பாஸ்கு நாடகம் நிலைத்து நிற்கிறது. சிலாபத்துக்கு வடக்கே உடப்பில் திரௌபதை அம்மன் கோயில் திருவிழாவில் பாரதக் கதை நிகழ்த்தப்பட்டுத் தீமிதிப்போடு நிறைகிறது. புத்தளத்துக்கு அருகே சிரம்பியடியில் ஆபிரிக்க வம்சாவழியினர் தங்கள் மஞ்ஞா பாடல்களை இன்னும் விடவில்லை. இவற்றில் ஒன்றுக்கும் கூரை போட்ட அரங்கு கிடையாது. இந்தக் கரையின் பல ஊர்களில் பள்ளிக்கூட மொழி சிங்களமாக மாறியபோது தமிழ்க் கூத்தைப் பாட ஆள் குறைந்தது. கட்டடம் இல்லாத கலைக்கு மொழியே சுவர். அந்தச் சுவர் விழும்போது சத்தம்கூடக் கேட்பதில்லை.

யாழ்ப்பாணத்துக்குத் திரும்பினால், கூட்டுறவு இயக்கத்தவர் எழுப்பிய வீரசிங்கம் மண்டபத்தைச் சொல்லாமல் போக முடியாது. எத்தனையோ நாடகங்கள் ஆடிய மேடை அது. ஆனால் அதன் பெயர் வரலாற்றில் ஏறியது வேறு காரணத்தால். 1974 ஜனவரி 10. நான்காவது உலகத் தமிழாராய்ச்சி மாநாட்டின் நிறைவுக் கூட்டம். மாநாட்டுக்குத் தலைமை தாங்கியவர் கூத்தை மேடையேற்றிய அதே வித்தியானந்தன். திறந்தவெளி அரங்கின் கதவு திறக்கப்படாததால் கூட்டம் வீரசிங்கம் மண்டபத்து முன்றலுக்கு மாறியது. பொலிஸார் புகுந்து கலைத்தபோது மின்கம்பி அறுந்து விழுந்தது. உயிர்கள் போயின. பூட்டிக் கிடந்த ஓர் அரங்கும் திறந்திருந்த ஒரு மண்டபமும் ஓர் இனத்தின் அரசியலைத் திருப்பிவிட்ட நாள் அது.

அதன் பிறகு வந்த நாடகம் அந்தக் காயத்தோடு வந்தது. ம. சண்முகலிங்கம் 1978இல் நாடக அரங்கக் கல்லூரியைத் தொடங்கினார். அவர் எழுதி க. சிதம்பரநாதன் நெறியாள்கை செய்த 'மண் சுமந்த மேனியர்' 1985இல் யாழ் பல்கலைக்கழகக் கைலாசபதி கலையரங்கில் ஆடப்பட்டது. அதற்கு முன்பே இளைய பத்மநாதனும் அம்பலத்தாடிகள் நாடகக் குழுவினரும் ஆலயப் பிரவேசப் போராட்டத்தைச் சொல்லும் 'கந்தன் கருணை'யைக் காத்தவராயன் கூத்துப் பாங்கில் ஊர் ஊராகக் கொண்டுபோயிருந்தார்கள். அறுபதுகளிலிருந்து நா. சுந்தரலிங்கமும் அ. தாசீசியஸும் கொழும்பில் நாடகத்துக்காக உழைத்தார்கள். இவர்கள் எல்லோரும் பிறர் மண்டபத்தில் வாடகைக்கு நின்று பெரிய நாடகம் செய்தவர்கள்.

1990 ஒக்டோபரில் வடக்கிலிருந்து ஏறக்குறைய 75,000 முஸ்லிம்கள் வெளியேற்றப்பட்டார்கள். பெரும்பாலானோர் வந்து சேர்ந்தது புத்தளம் மாவட்டம். தில்லையடியில் இன்று வாழும் பல குடும்பங்கள் அப்படி வந்தவை. யாழ் சோனகத் தெருவில் வளர்ந்த முதியவர்களுக்கு வீரசிங்கம் மண்டபம் நடந்து போய்வரும் தூரத்தில் இருந்த இடம். எந்த நாடகத்தை எந்த வரிசையில் இருந்து பார்த்தோம் என்று சொல்லக்கூடியவர்கள் இந்த ஊரில் இருக்கிறார்கள். ஈழத்து நாடக வரலாற்றுக்குச் சான்று தேடுபவர் யாழ்ப்பாணத்திலும் கொழும்பிலும் தேடுகிறார்கள். பார்வையாளரின் நினைவு ஒரு சான்றென்றால், அதன் ஒரு பகுதி முப்பத்தைந்து ஆண்டுகளாகத் தில்லையடியில் கேட்பாரற்றுக் கிடக்கிறது.

யாழ்ப்பாணத்தில் இந்திய உதவியில் பதினொரு மாடிக் கலாசார நிலையம் 2023 பெப்ரவரியில் கையளிக்கப்பட்டு, 2025 ஜனவரியில் திருவள்ளுவர் பெயரைப் பெற்றது. நல்ல ஒலியும் ஒளியும் உள்ள அரங்கு அதில் இருக்கிறது. அதில் குடியிருக்க ஒரு நாடகக் குழு வேண்டும். ஊதியம் பெறும் நடிகர்கள், பழக்கத்துக்குத் தனி அறை, உடுப்புகளைப் பேணும் ஆள், ஆண்டு முழுவதற்குமான நாடக நிரல் ஆகியவை சேர்ந்தால்தான் யாரோஸ்லாவ்லில் நடப்பது அங்கே நடக்கும்.

எங்கள் பக்கத்தில் பிள்ளைகள் உயர்தரத்தில் நாடகமும் அரங்கியலும் படிக்கிறார்கள். தமிழ்மொழித் தினப் போட்டிக்கு நாட்டார் கூத்துப் பழகுகிறார்கள். அவர்களுக்குக் கொடுக்கக்கூடிய களப்பணி உடனடியாக இருக்கிறது. கற்பிட்டியிலிருந்து சிலாபம் வரை கோயில் கோயிலாகப் போய், அண்ணாவிமார் பெயரையும் கூத்துக் கொப்பிகள் யார் வீட்டில் உள்ளன என்பதையும் எழுதிக்கொள்ளலாம். தில்லையடி முதியவர்களிடம் அவர்கள் பார்த்த நாடகங்களின் பெயரையும் மண்டபத்தின் பெயரையும் கேட்டு ஒலிப்பதிவு செய்யலாம். கொப்பியைச் செல் தின்கிறது, முதியவர்கள் ஆண்டுக்கு ஆண்டு குறைகிறார்கள், ஆகவே அடுத்த பள்ளி விடுமுறையிலேயே இதைத் தொடங்க வேண்டும்.