சாப்ளினை மிரட்டிய எரிக் கேம்பெல்

எரிக் கேம்பெல் ஆறடிக்கு மேல் உயர்ந்த, பருத்த பிரிட்டிஷ் நடிகர். பிரெட் கார்னோவின் நாடகக் குழுவில் தேறியவர். 1916-இல் தொடங்கி சார்லி சாப்ளின் மியூச்சுவல் நிறுவனத்துக்காக எடுத்த 12 படங்களில் 11-இல் அவர் உண்டு, பெரும்பாலும் வில்லன். மை தீட்டி மேலேற்றிய புருவம், உருட்டி விழிக்கும் கண். பேசாப் படத்தில் மிரட்ட அது போதும்.

1917-இல் வந்த ‘ஈஸி ஸ்ட்ரீட்’ படத்தில் பலத்தைக் காட்டத் தெருவிளக்குக் கம்பத்தையே வளைக்கிறார். சாப்ளின் அவர் முதுகில் தாவி, விளக்குக் கூண்டுக்குள் அவர் தலையைச் செருகி, விளக்கின் எரிவாயுவைத் திறந்துவிடுகிறார். அந்த முரடன் மெல்லத் துவண்டு சரிவதில்தான் கேம்பெலின் தேர்ச்சி தெரிகிறது. அவர் அத்தனை பெரிதாக நின்றதால்தான் சின்ன உருவத்தின் வெற்றிக்கு அரங்கம் சிரித்தது.

1917 டிசம்பரில் லாஸ் ஏஞ்சலஸில் கார் விபத்தில் இறந்தார். அவருக்கு ஈடான எதிராளி பிறகு சாப்ளினுக்கு வாய்க்கவேயில்லை.