உடையார்குடிக் கல்வெட்டு: கொலைச்சான்றும் நிலவிற்பனை ஆவணமும்

ஆய்வுச் சுருக்கம்

கடலூர் மாவட்டம் காட்டுமன்னார்கோயில் அனந்தீசுவரர் கோயிலில் முதலாம் இராசராசனின் 2ஆம் ஆட்சியாண்டுக் கல்வெட்டு ஒன்று உள்ளது. இரண்டாம் ஆதித்தனின் கொலைக்குரிய சான்றாகவே அது பெரிதும் வாசிக்கப்பட்டு வந்துள்ளது. ஆவண வகையால் அது பறிமுதல் நிலத்தின் விற்பனையையும் அறக்கொடையையும் பதிவுசெய்வது. அவ்வகைமையை முன்னிறுத்தி, உறவுமுறை, பெண்களின் சொத்துரிமை, ஊர்ச்சபையின் நிலை ஆகியவை பற்றிக் கல்வெட்டு உணர்த்துவனவற்றை இக்கட்டுரை ஆராய்கிறது. ஏதென்சு நகரத்துப் பறிமுதல் கல்வெட்டுகள் ஒப்பீட்டிற்குக் கொள்ளப்படுகின்றன.

திறவுச்சொற்கள்: உடையார்குடி, வீரநாராயணச் சதுர்வேதிமங்கலம், பறிமுதல், உறவுமுறை, ஆட்டிக்கக் கற்பலகைகள்.

முன்னுரை

1920ஆம் ஆண்டுக் கல்வெட்டறிக்கையில் 577ஆம் எண்ணாக இடம்பெற்ற இக்கல்வெட்டைக் கே.ஏ. நீலகண்ட சாஸ்திரி 'எபிகிராபியா இண்டிகா' 21ஆம் தொகுதியில் பதிப்பித்தார். ஆதித்தன் கொலையில் உத்தம சோழனுக்குத் தொடர்பு இருந்திருக்க வேண்டும் என்பது அவர் கருத்து. அதனை மறுத்தவர்களுள் முதன்மையானவர் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் பணியாற்றிய தி.வை. சதாசிவ பண்டாரத்தார். அவருடைய 'பிற்காலச் சோழர் சரித்திரம்' முதற்பகுதியை அப்பல்கலைக்கழகமே 1949இல் வெளியிட்டது. இருவர் முடிவுகளும் எதிரெதிரானவை. எனினும் 'கொலைக்குப் பொறுப்பாளர் யார்?' என்ற ஒரே வினாவிலிருந்தே பிறந்தவை. அவ்வினாவிற்கு விடை சொல்லும் நோக்கில் இக்கல்வெட்டு பொறிக்கப்பட்டதா என்பது முதலில் தெளிவுபெற வேண்டும்.

கல்வெட்டின் அமைப்பு

கல்வெட்டு மூன்று அடுக்குகளை உடையது. முதலாவது, வீரநாராயணச் சதுர்வேதிமங்கலத்துப் பெருங்குறிப் பெருமக்களுக்கு அரசன் விடுத்த ஸ்ரீமுகம். பாண்டியனைத் தலைகொண்ட கரிகால சோழனைக் கொன்று துரோகிகளானவர்கள் எனச் சோமன், அவன் தம்பி இரவிதாசனான பஞ்சவன் பிரமாதிராசன், அவன் தம்பி பரமேசுவரனான இருமுடிச்சோழ பிரமாதிராசன் முதலியோரை அது குறிக்கிறது. அவர்தம் உடைமைகளையும் உறவினர் உடைமைகளையும் விற்குமாறு பணிக்கிறது. இரண்டாவது, அவ்வாணைக்கு உட்பட்ட நிலத்தின் விற்பனை. மூன்றாவது, அந்நிலத்தை வாங்கிய வியாழகஜமல்லன் என்னும் பரதன் அதனைத் திருவனந்தீசுவரத்து அறத்திற்கு அளித்த செய்தி. இரண்டே முக்கால் வேலி அளவிலான நிலமும் மனைகளும் 112 கழஞ்சு பொன்னுக்கு விலைபோயின.

கல்லில் நிலைபெற வேண்டியிருந்தது மூன்றாம் அடுக்கே. துரோகிகளின் நிலம் என்ற கறை படிந்த சொத்துக்கு உரிமைக் குற்றம் எழாதிருக்க, அது எவ்வாறு கைம்மாறியது என்பதை மூல ஆணையோடு சேர்த்துப் பொறிப்பது கொடையாளிக்கும் கோயிலுக்கும் தேவையாயிற்று. கொலை பற்றிய தொடர் இங்கு நிலவுரிமை வரலாற்றின் ஒரு கண்ணி.

கொலையாளியைத் தேடும் வாசிப்பு

கொலைக்கும் இவ்வாவணத்திற்கும் இடைப்பட்ட காலம், ஏறத்தாழ உத்தம சோழனின் ஆட்சிக்காலம். குற்றவாளிகளை அவன் காத்தான் என்ற ஊகத்திற்கு இவ்விடைவெளியே அடிப்படை. ஆனால் ஆட்சியாண்டுக் குறிப்பு ஆவணத்திற்கு உரியது. உசாவல் தொடங்கிய நாளையோ தீர்ப்பின் நாளையோ அது காட்டாது. இவ்வரம்பை முன்னரே சிலர் சுட்டியுள்ளனர். ஆவண வகையை நோக்கும்போது அது மேலும் வலுப்பெறுகிறது. விற்பனைப் பதிவில் உசாவல் விவரம் இல்லாமை இயல்பே. அதனை அரசியல் மறைப்பாகக் கொள்வதற்குத் தனிச்சான்று வேண்டும்.

'பஞ்சவன்' என்ற சொல்லைக் கொண்டு இரவிதாசனைப் பாண்டியச் சார்பினனாக்கும் வாசிப்பும் இத்தகையதே. பஞ்சவன் என்பது பாண்டியனைக் குறிக்கும் பெயர்தான். ஆயினும் சோழர் வழக்கிலும் அது பட்டப்பெயரின் உறுப்பாக வந்துள்ளது. இராசராசனின் தேவியருள் ஒருவர் பஞ்சவன்மாதேவி. பிரமாதிராசன் என்பது அந்தண அதிகாரிகள் பெற்ற உயர் பட்டம். 'இருமுடிச்சோழ' என்ற அடை அப்பட்டம் சோழ அரசு வழங்கியது என்பதை ஐயமின்றிக் காட்டுகிறது. கல்வெட்டு நேராக உணர்த்துவது, அரசின் உயர்பணியில் இருந்தோர் மீதே அரசக்கொலைக் குற்றம் சுமத்தப்பட்டது என்பதை மட்டுமே. கல்கியின் 'பொன்னியின் செல்வன்' (1950–1954) இரவிதாசனைப் பாண்டிய ஆபத்துதவியாக்கிக் கொலையைக் கடம்பூர் மாளிகையில் நிகழ்த்தியது. புதினத்திற்கு அவ்வுரிமை உண்டு. கொலை நிகழ்ந்த இடமோ காரணமோ கல்வெட்டில் இல்லாதபோது, புதினத்தின் காரணகாரியத் தொடர்ச்சி ஆய்வின் முன்முடிவாகிவிடக் கூடாது.

உறவுப் பட்டியல் காட்டும் சமூகம்

ஸ்ரீமுகத்தின் மிக விரிந்த பகுதி உறவினர் பட்டியல். தம்பியர், மக்கள், தந்தையுடன் பிறந்தோர், தாயுடன் பிறந்த மாமன்மார், பெண்கொடுத்த மாமன்மார், உடன்பிறந்த பெண்களை மணந்தோர், மகளிரை மணந்தோர் என அது நீள்கிறது. இதனைப் பழிவாங்கும் வேகமாகக் காண்பது எளிது. ஆனால் உத்திரமேரூர்க் கல்வெட்டு (கி.பி. 921), கணக்குக் காட்டாத வாரியத்தாரை மட்டுமின்றி அவர்தம் இருவழி உறவினரையும் குடவோலைக்குத் தகுதியற்றவராக்குகிறது. அங்கு விளைவு தகுதியிழப்பு, இங்கு உடைமையிழப்பு. பொறுப்பு உறவுவழிப் பரவும் என்ற கருத்து பிரமதேயச் சபைகளின் நடைமுறையில் முன்பே வேரூன்றியிருந்தது. அரசாணை அதனைப் பயன்கொண்டது எனலாம்.

இப்பட்டியலில் உறவினர் பெயர் இல்லை. முறை மட்டுமே உண்டு. யார் யாரை மணந்தனர் என்பதை அறிந்த ஓர் அமைப்பே இவ்வாணையை நிறைவேற்ற முடியும். அவ்வமைப்பு ஊர்ச்சபை. தன் ஊரின் மணத்தொடர்புகளைத் தானே பிரித்தெடுத்து அரசனிடம் ஒப்படைக்கும் நிலைக்கு அது தள்ளப்பட்டது. கொட்டையூரிலிருந்தும் புள்ளமங்கலத்திலிருந்தும் இருவரைக் கண்காணியாக அரசன் அமர்த்தியதன் பொருள் இங்கு விளங்குகிறது. சபையின்றி ஆணை நடவாது. சபையை மட்டும் நம்பியும் விடமுடியாது. சோழர் காலத் தன்னாட்சி பற்றிய பொதுக்கூற்றுகள் இந்நெருக்கடியையும் கணக்கில் கொள்ள வேண்டும்.

பெண்களின் நிலையும் இரு அடுக்குகளில் இருவேறாகத் தோன்றுகிறது. ஸ்ரீமுகத்தில் உடன்பிறந்தாளும் மகளும் ஆடவர் இருவரை இணைக்கும் கண்ணிகள் மட்டுமே. விற்பனைப் பகுதியிலோ, மலையனூரான் இரேவதாசக் கிரமவித்தனோடும் மகனோடும் தாயான பெரியநங்கைச்சாணியும் நிலமுடையவராகப் பெயர் சுட்டப்பெறுகிறார். பெண்ணுக்குரிய உடைமை இருந்தது என்பதற்கான சான்று, அவ்வுடைமை பறிபோன ஆவணத்தின் வழியே கிடைக்கிறது.

ஏதென்சு: ஓர் ஒப்பீடு

கி.மு. 415இல் ஏதென்சு நகரில் எர்மசு சிலைகள் சிதைக்கப்பட்டன. எலூசிசு மறைச்சடங்குகள் இழிவுபடுத்தப்பட்டதாகவும் குற்றச்சாட்டு எழுந்தது. தண்டனை பெற்ற அல்சிபியாடீசு முதலியோரின் உடைமைகள் ஏலம் விடப்பட்டு, விற்பனை விவரம் கல்லில் பொறிக்கப்பட்டது. ஆட்டிக்கக் கற்பலகைகள் எனப்படும் இவற்றைப் பிரிட்செட் 1953இல் விரிவாகப் பதிப்பித்தார். பிரேயசில் வாழ்ந்த அயலவரான கெபிசோதோரசு என்பவரின் அடிமைகள் 16 பேர் பெயரின்றி, நாடும் விலையும் மட்டும் குறிக்கப்பட்டுள்ளனர்: திரேசியப் பெண் 165 திராக்குமா, சிரியன் 240, காரியா நாட்டுச் சிறுவன் 72.

இரண்டும் அரசுக்கு எதிரான குற்றத்தின் பின்விளைவைச் சொத்துப் பதிவாக மாற்றுகின்றன. ஏதென்சு ஆவணம் தனிமனிதரின் உடைமையைப் பொருள்பொருளாக எண்ணுகிறது. உடையார்குடி ஆவணம் குற்றத்தை உறவுவழி விரித்து நிலத்தில் முடிக்கிறது. குடிமக்கள் மன்றம் தண்டித்த நகரில் பொறுப்பு தனியொருவரைச் சேர்ந்தது. மணத்தொடர்பால் பிணைந்த நிலவுடைமையாளர் ஊரில் அது கிளை முழுவதையும் சேர்ந்தது. ஏதென்சின் அடிமைகள் விலையால் புலப்படுகின்றனர். உடையார்குடியில் 'குடியொடு குடிபேறும்' விற்க என்ற தொடர், நிலத்தோடு பிணைந்த உழுகுடிகளையும் உள்ளடக்குமா என்பது விரிவான ஆய்வுக்குரியது. உள்ளடக்குமாயின், துரோகிகளின் பெயர்கள் நிலைத்த சுவரில் உழுதோர் ஒரு சொல்லாக மட்டும் எஞ்சினர்.

முடிவுரை

ஆதித்தனைக் கொல்வித்தவர் யார் என்பதற்கு உடையார்குடிக் கல்வெட்டு விடையளிக்கவில்லை. அவ்வினாவை அதன்மேல் ஏற்றியதால் அது சொல்வனவும் கவனம்பெறவில்லை. குற்றப்பொறுப்பு உறவுவழிப் பரவிய முறை, அரசாணைக்கும் தன் கிளைக்கும் இடையே நின்ற சபை, உடைமையோடு இருந்து அதனை இழந்த ஒரு தாய், துரோகிகளின் நிலத்தை அறநிலமாக்கிய 112 கழஞ்சு ஆகியவை இதன் நேரடிச் சான்றுகள். அரசகுலப் பூசல்களுக்காக மட்டும் தேடப்பட்ட பிற பறிமுதல் ஆவணங்களும் இந்நோக்கில் மறுவாசிப்புப் பெறுதல் வேண்டும்.