இடம் மாற்றி நிறுத்திய எழுத்து

எழுபதுகளின் பிற்பகுதித் தமிழ்ப் படங்களைப் பற்றிய பேச்சு எங்கு எழுந்தாலும், வேகத்துக்குப் பெயர்பெற்ற ஒரு நடிகர் சில படங்களில் மட்டும் அடங்கி நடித்ததை அவருடைய திறமையின் மறுபக்கம் என்று பாராட்டி, அத்துடன் நிறுத்திக்கொள்வது வழக்கமாகிவிட்டது. இந்தக் கணிப்பு பிழையானது. அந்த அடக்கம், காரைக்குடிக்கு அருகிலுள்ள சிறுகூடல்பட்டியில் பிறந்து, சித்தப்பா கண்ணதாசனிடம் உதவியாளராக இருந்து தொழில் பயின்ற பஞ்சு அருணாசலத்தின் திரைக்கதையிலேயே, அதாவது எந்த நிகழ்ச்சி எதன் பின் வர வேண்டும், யார் எங்கே வாய்திறக்காமல் நிற்க வேண்டும் என்ற வரையறையிலேயே, முடிவாகியிருந்தது.

மகரிஷியின் நாவலிலிருந்து 1977இல் உருவான ‘புவனா ஒரு கேள்விக்குறி’யில், வில்லனாகப் பழகிய அந்த நடிகரின் முகத்துக்கு நல்லவன் வேடமும், நல்லவனாகப் பழகிய முகத்துக்கு ஏமாற்றுபவன் வேடமும் அளிக்கப்பட்டன. ஒரு நடிகரின் முந்தைய வேடங்கள் பார்வையாளர் மனத்தில் விட்டுச்செல்லும் எதிர்பார்ப்பே பிம்பம் எனப்படுகிறது. அடித்தாடும் மட்டையாளர் தடுத்தாடத் தொடங்கிய பின்னும் களத்தடுப்பாளர்கள் எல்லைக்கோட்டிலேயே காத்து நிற்பதால் ஒற்றை ஓட்டங்கள் எளிதாகக் கிடைப்பதுபோல, இந்தப் பிம்பத்தால், நல்லவனாக வந்த அந்த நடிகர் எப்போது சீறுவார் என்று அரங்கம் காத்திருந்த பதற்றமே அவருடைய மௌனத்துக்குக் கனம் சேர்த்தது. 1979இல் வந்த ‘ஆறிலிருந்து அறுபது வரை’ இந்த உத்தியின் உச்சம்: உடன்பிறந்தவர்களுக்காகத் தேய்ந்து, அவர்களாலேயே கைவிடப்படும் மூத்தவன் திருப்பியடிக்கும் காட்சிக்காக ஏங்கும் பார்வையாளருக்கு, அந்தக் காட்சியை எழுத்தாளர் இறுதிவரை தரவேயில்லை.

வணிகப் படங்களை எழுதியபோது பஞ்சு அருணாசலம் வாய்பாட்டுக்குத் திரும்பிவிட்டார் என்பது இரண்டாவது தவறான வாசிப்பு. 1980இன் ‘முரட்டுக் காளை’யில் நெடுங்கால நாயகர் ஒருவர் வில்லனாக நிறுத்தப்பட்டார். நுட்பமான நடிப்புக்குப் பெயர்பெற்ற இன்னொருவரைக் கிராமத்து அதிரடி நாயகனாக்கிய ‘சகலகலா வல்லவன்’, வேகத்தின் நாயகரை மனைவியால் கைவிடப்பட்ட கணவனாக்கிய ‘எங்கேயோ கேட்ட குரல்’ ஆகிய இரண்டும் 1982 ஆகஸ்ட் 14 என்ற ஒரே நாளில் வெளியாயின. இரண்டுக்கும் எழுத்து அவருடையது, இயக்கம் காரைக்குடிக்காரரான எஸ்.பி. முத்துராமனுடையது. அவை ஓடிய நாள்கணக்கை வாசகர்கள் அறிவார்கள். ஒரே எழுத்து ஒரே நாளில் இருவரை எதிரெதிர்த் திசைகளில் இடம் மாற்றியதுதான் போதிய அளவு பேசப்படவில்லை.

2016இல் பஞ்சு அருணாசலம் மறைந்த பிறகு இத்தகைய துணிவு அரிதாகியிருக்கிறது. நாயகரின் அறிமுகக் காட்சியை முதலில் வடித்துவிட்டு, மீதிக் கதையை அதற்கேற்ப வளைப்பதே பெரும்பாலான பெரிய படங்களின் நடைமுறையாக உள்ளது. எனினும், இது நீடிக்காது. இன்றைய அதிரடி நாயகர்கள் ஐம்பதைக் கடந்துகொண்டிருக்கிறார்கள். இணையத் தொடர்களோ எட்டு மணி நேரக் கதையைச் சண்டைகளால் மட்டும் நிரப்ப இயலாமல் நாவல்களை நாடத் தொடங்கிவிட்டன. அடுத்த ஐந்தாறு ஆண்டுகளில் அந்நாயகர்களுள் ஒருவர் ஒருமுறைகூடக் கை ஓங்காத வேடத்தில் தோன்றுவார். அந்த வேடம் நாவலிலிருந்தே வரும். அதைப் பார்ப்பவர்கள் அவர் எப்போது அடிப்பார் என்று கடைசி அத்தியாயம் வரை காத்திருப்பார்கள்.