கார்ல் பிராய்ண்டின் ஒளிநெறி: அச்சமும் நகையும்

ஒளிப்பதிவாளர் கார்ல் பிராய்ண்டு (1890–1969) திரைப்படத்தில் ஈட்டிய பெருமையைத் தொலைக்காட்சியில் இழந்தார் என்பாரும் உளர். நிழலை ஆண்ட கலைஞர் வெறும் ஒளியைப் பரப்பும் தொழிலராய்த் தாழ்ந்தார் என்பது அவர்தம் கருத்து. அது பொருந்துமா என்பதனை ஈண்டு ஆராய்வோம்.

பொகீமியாவிற் பிறந்த இவர் செருமானிய ஊமைப்பட உலகில் உயர்ந்தவர். முர்னாவ் இயக்கிய ‘டெர் லெட்ஸ்டெ மான்’ (1924) என்னும் படத்தில், ஓட்டல் வாயிற்காவலன் ஒருவன் பதவியிழந்து கழிப்பறைப் பணிக்குத் தள்ளப்படுகின்றான். அவனது மதுமயக்கத்தைப் புலப்படுத்தப் பிராய்ண்டு படப்பிடிப்புக் கருவியைத் தம் உடலிற் கட்டிக்கொண்டு தள்ளாடி நடந்தார். எழுத்துரை ஏறக்குறைய இன்றியே கதை விளங்குதற்கு இவ்வியக்கமும் ஒரு காரணமாம். பின்னர் அமெரிக்காவில் ‘டிராகுலா’வில் (1931) இருளைக் கொண்டு அச்சம் விளைத்தார், ‘தி குட் எர்த்’ (1937) படத்திற்கு ஆஸ்கர் விருது பெற்றார்.

1951-இல் தொடங்கிய ‘ஐ லவ் லூசி’ தொடரில் நிலைமை வேறு. பார்வையாளர் முன்னிலையில் நிகழும் நடிப்பை மூன்று கருவிகள் ஒரே காலத்தில் பதிவு செய்தன. ஆதலின் அணிமைக் காட்சிக்கும் சேய்மைக் காட்சிக்கும் விளக்குகளை வெவ்வேறாக மாற்றியமைத்தல் இயலாது. பிராய்ண்டு மேலிருந்து சீராகப் பரவும் ஒளியை வகுத்தார். தொலைக்காட்சி கருமை வெண்மை வேறுபாட்டை மிகுத்துக் காட்டுமாதலின், அரங்கப் பொருள்களுக்குச் சாம்பல் நிறத்தின் பல படிகளைத் தீட்டுவித்தார். முன்பு விளக்கால் ஆண்ட வேறுபாட்டை இங்கு வண்ணத்தால் ஆண்டார். இதனைக் கலையின் தளர்ச்சி என்றல் எங்ஙனம்?

தொல்காப்பியர் கூறும் எண்வகை மெய்ப்பாட்டுள் நகையும் உண்டு, அச்சமும் உண்டு. அச்சம் மறைத்தலால் வளர்வது. நகை வெளிப்படுதலால் பிறப்பது. லூசில் பாலின் கண்ணும் கையும் நடையும் ஒருங்கே தோன்றினாலன்றி அவர் நடிப்பு நகை விளைக்காது. டிராகுலாவின் இருளை அவ்வீட்டிற் புகுத்தின் நகை கெடும். லூசியின் ஒளியை அம்மாளிகையிற் பாய்ச்சின் அச்சம் கெடும். இரண்டிடத்தும் ஒளி மெய்ப்பாட்டிற்கு ஏவல் செய்தது. மாறியது சுவையே; நெறி மாறவில்லை.

பின்வந்த நகைச்சுவைத் தொடர்கள் பல இம்முறையை மேற்கொண்டன. அவற்றுள் காரணம் நோக்காது சீரொளியை வழக்கமாக மட்டும் கொண்டவை உளவேல், குற்றம் அவற்றின்பாலது, நெறி கண்டவர்பாலதன்று. ஒளிப்பதிவை நிழலின் மிகுதி கொண்டு அளத்தல் முறையன்று. சுவைக்கு அஃது இயைந்தவாறு கொண்டே அளத்தல் வேண்டும் என்பது எம் துணிபு.