முகப்புகளும் மனிதரும்: பார்சலோனாக் கட்டடக்கலை பற்றிச் சில சிந்தனைகள்

கலைப்படைப்பொன்றை அறிமுகஞ் செய்பவன் அதைப்பற்றி எதைக் கூறுகின்றான் என்பது எவ்வளவு முக்கியமோ, எதைக் கூறாது விடுகின்றான் என்பதும் அவ்வளவு முக்கியமாகும். இலக்கிய வரலாறு கற்பிப்போர் இதனை நன்கறிவர். அரச வம்சங்களின் பெயரால் காலங்களை வகுத்து, புலவரை அவைக்களத்தோடு பிணைத்து, ஏர் பிடித்தவனையும் தறி நெய்தவனையும் மறந்துவிட்ட பாடநூல்களைப் படித்தே நாம் யாவரும் வளர்ந்தோம். இலக்கியத்துக்குப் பாடநூல் செய்யும் வேலையைக் கட்டடக்கலைக்கு இன்று உல்லாசப் பயண வழிகாட்டி செய்கின்றான். எனவே அவன் சொல்லும் கதையையும் ஒரு நூலை ஆராய்வது போல ஆராய்தல் தகும்.

ஐரோப்பாவில் வாழும் உறவினரின் அழைப்பை ஏற்றுச் சென்றிருந்தபோது, ஸ்பெயின் நாட்டின் பார்சலோனா நகரிலே வழிகாட்டியுடன் கூடிய துவிச்சக்கரவண்டிப் பயணமொன்றில் நாமும் சேர்ந்துகொண்டோம். பன்னிரண்டு பேர், மூன்று மணி நேரம், அந்தோனி கௌடி முதலிய சிற்பிகளின் புகழ்பெற்ற கட்டடங்களைக் காட்டுவதே நோக்கம். வழிகாட்டியாக வந்தவர் கட்டடக்கலை பயின்ற இளைஞர். தம் நகரை நேசிப்பவர், சலிப்பின்றிப் பேசுபவர். அவரைக் குறைகூறுவது எமது நோக்கமன்று. அவர் சொல்லிய கதை அவர் ஆக்கியதுமன்று. அது சந்தை ஆக்கிய கதை.

முதலில் நன்மையைச் சொல்லிவிடுவோம். ஒரு நகரின் அமைப்பை அறிவதற்குத் துவிச்சக்கரவண்டியிலும் சிறந்த வாகனமில்லை. நடப்பவனுக்கு ஒரு வீதிதான் தெரியும். பஸ்ஸில் இருப்பவனுக்கு யன்னல்தான் தெரியும். வண்டியை மிதிப்பவனோ சந்திக்குச் சந்தி திரும்பும்போது நகரின் இலக்கணத்தைத் தன் உடம்பினாலேயே உணர்கின்றான். ‘எய்க்ஸாம்ப்ளா’ எனப்படும் பார்சலோனாவின் விரிவுப்பகுதியில் ஒவ்வொரு சந்தியிலும் கட்டடங்களின் மூலைகள் சரிவாக வெட்டப்பட்டிருக்கின்றன. அதனாற் சந்திகள் எண்கோணமாக விரிகின்றன. எதிரே வருவது தெரிகின்றது. காற்றும் வெளிச்சமும் இறங்குகின்றன. “இதை ஒரு பொறியியலாளர் வகுத்தார்” என்று ஒரே வாக்கியத்தில் முடித்துவிட்டு எமது வழிகாட்டி கௌடியிடம் விரைந்தார்.

அந்தப் பொறியியலாளரின் பெயர் இல்டெபொன்ஸ் செர்தா. 1854இல் பார்சலோனாவின் பழைய மதில்கள் இடிபடத் தொடங்குமுன், மக்கள் மதிலுக்குள்ளே நெருங்கி, நோயில் உழன்று வாழ்ந்தனர். செர்தா வரைபடம் வரைவதற்கு முன் மனிதரை எண்ணினார். தொழிலாளர் குடும்பங்களின் கூலி, உணவு, வாடகை, மரணம் ஆகியவற்றை 1856இல் புள்ளிவிபரமாகத் தொகுத்தார். அதன் பின்னரே 1859இல் ஏற்கப்பட்ட அவரது திட்டம் வந்தது. ஏறத்தாழ 113 மீற்றர்ப் பக்கமுடைய சதுரங்கள். 20 மீற்றர் அகல வீதிகள். ஒவ்வொரு சதுரத்திலும் இரு பக்கங்களில் மாத்திரம் கட்டடம். நடுவே எல்லோருக்குமான தோட்டம். செல்வனுக்கும் ஏழைக்கும் ஒரே காற்று, ஒரே வெயில் என்பதே அதன் உட்பொருள். நிகழ்ந்தது வேறு. நிலம் விலைப்பொருளாயிற்று, நிலச் சொந்தக்காரர் நாற்புறமும் கட்டினர், உயரத்தையும் கூட்டினர், நடுத்தோட்டத்தையும் பட்டறைகளாலும் கிடங்குகளாலும் நிரப்பினர். வீதிகளின் சமத்துவம் மாத்திரம் எஞ்சிற்று. நாம் சுகமாக வண்டி மிதித்துச் சென்றது, பாதி நிறைவேறிப் பாதி சிதைக்கப்பட்ட ஒரு சமுதாயக் கனவின் மேலேயாகும். வழிகாட்டியின் கதையில் இக்கனவுக்கு இடமிருக்கவில்லை.

பின்னர் கிராசியா பெருவீதிக்கு வந்தோம். அங்கே ஒரே வரிசையில் மூன்று வீடுகள். பூச் இ கதபால்க் அமைத்த அமத்லியெர் இல்லம், தொமெனெக் இ மொந்தானெர் அமைத்த லியோ மொரேரா இல்லம், கௌடி 1904க்கும் 1906க்கும் இடையில் உருமாற்றிய பத்யோ இல்லம். முதலாவதன் உரிமையாளர் சொக்கலேற் உற்பத்தியாளர். மூன்றாவதன் உரிமையாளர் நெசவாலை முதலாளி. ஒருவரை ஒருவர் விஞ்சவேண்டுமென்ற புதுப்பணக்காரரின் போட்டியே இவ்வீடுகளை எழுப்பிற்று. பறவைநாகத்தின் முதுகு போன்ற கூரையையும் எலும்பு போன்ற தூண்களையும் வழிகாட்டி விளக்கினார். எலும்புகள் யாருடையவை என்று ஒருவரும் கேட்கவில்லை.

சற்று மேலே காஸா மிலா. அலைபோல் நெளியும் கல் முகப்பைக் கண்டு அக்காலத்து நகரத்தார் ‘கற்குவாரி’ என்று கேலி செய்தனர், அப்பெயரே நிலைத்தது. 1906இல் தொடங்கிய இவ்வீட்டுக்குப் பணம் எங்கிருந்து வந்தது? வீட்டின் எஜமானி ரோசெர் செகிமொன், குவாத்தமாலாவிலே கோப்பித் தோட்டங்களால் செல்வந்தரான ஹொசே குவார்தியோலாவின் விதவை. கோப்பிக்கொட்டை உலர்த்தும் இயந்திரமொன்று இன்றும் அவர் பெயரால் வழங்குகின்றது. கௌடியின் பெரும் புரவலரான எவுசெபி குவெலின் தந்தை ஜொவான் குவெலோ கியூபாவிலே செல்வந் திரட்டித் திரும்பியவர். அடிமைமுறை நிலவிய கியூபா அது. குவெலின் மாமனார் அந்தோனியோ லோபெஸின் செல்வத்துக்கு அடிமை வியாபாரத்தோடிருந்த தொடர்பு காரணமாக, அவரது சிலையை 2018இல் நகரசபை பீடத்திலிருந்து இறக்கிற்று. மலையகத் தோட்டங்களின் வரலாற்றை அறிந்த எமது வாசகருக்கு இக்கதை அந்நியமானதன்று. கடலுக்கப்பால் ஒருவன் சிந்திய வியர்வை, இக்கரையிலே இன்னொருவன் மாளிகைக்கு முகப்பாகின்றது.

காஸா மிலா எழும்பிக்கொண்டிருந்த காலத்திலேயே, 1909 ஜூலையில், நகரம் கொந்தளித்தது. மொரோக்கோவிலே நடந்த குடியேற்ற யுத்தத்துக்குத் தொழிலாளர் குடும்பத் தந்தையர் அழைக்கப்பட்டனர். செல்வரோ பணங் கட்டி விலக்குப் பெறலாம். படையினரை ஏற்றிய கப்பல்கள் குவெலின் மைத்துனருடைய கம்பனிக்கு உரியவை. வேலைநிறுத்தம் கிளர்ச்சியாயிற்று, கோயில்களும் மடங்களும் எரிந்தன. இராணுவம் அடக்கியது. கிளர்ச்சியின் சூத்திரதாரி எனக் குற்றஞ்சாட்டி, 1909 ஒக்ரோபர் 13ஆம் திகதி மொன்யுவிக் கோட்டையிலே ஒருவரைச் சுட்டுக்கொன்றனர். அவர் யார்? பிரான்செஸ்க் பெரெர் என்ற கல்வியாளர். ஆணும் பெண்ணும், ஏழையும் செல்வனும் ஒரே வகுப்பில் இருந்து விஞ்ஞான நோக்குடன் கற்கவேண்டுமென 1901இல் ‘நவீன பாடசாலை’ நிறுவியதே அவர் செய்த பெருங்குற்றம். மொன்யுவிக் குன்றினை வழிகாட்டி எமக்குத் தூரத்திலிருந்து சுட்டிக்காட்டினார். 1992ஆம் ஆண்டு ஒலிம்பிக் விளையாட்டு நடந்த இடம் என்றார். அதுவும் உண்மையே.

இவ்விடத்திலே இன்னொரு தவறான நோக்கையும் மறுக்கவேண்டியுள்ளது. எமது பயணக்கதையைக் கேட்ட முற்போக்கு நண்பரொருவர், “சுரண்டற் பணத்தில் எழும்பிய மாளிகைகளைப் பார்க்க நீர் காசு கொடுத்துப் போனீரே! அவற்றில் என்ன கலை?” என்று கடிந்துகொண்டார். பணத்தின் ஊற்றைக் கண்டுவிட்டால் கலையின் விசாரணை முடிந்துவிட்டதாகக் கருதும் இப்போக்கு எமது அணியினரிடையே புதிதன்று. இது எளிய வழி. எளிமையாயிருப்பதாலேயே தவறான வழி. பணம் கட்டளையிட்டது, ஆனால் கட்டியது பணமன்று. கட்டியது கொத்தரின் கை, தச்சரின் கை, கொல்லரின் கை. கௌடியே செம்புக் கொல்லர் குடும்பத்திற் பிறந்தவர். மெல்லிய செங்கற்களைப் படைமேற் படையாக ஒட்டி வளைவெழுப்பும் முறை, கற்றலோனியக் கொத்தர் பரம்பரை பரம்பரையாகக் கைக்கொண்ட முறையாகும். உடைந்த ஓடுகளையும் பீங்கான் துண்டுகளையும் பொருத்தி வளைபரப்பை மூடும் உத்தியிலே, கழிவென எறியப்பட்டது அழகாகின்றது. இவற்றை முதலாளியின் சொத்து என்று விட்டுக்கொடுப்போமானால், தொழிலாளியிடமிருந்து கூலியைப் பறித்தவன் புகழையும் பறித்துச் செல்ல நாமே துணைபோனவர்களாவோம்.

இரண்டு சான்றுகள் காட்டுவோம். மாளிகைகள் கட்டுமுன், இளைஞரான கௌடி, மத்தரோ என்னும் ஊரிலே நெசவுத் தொழிலாளரின் கூட்டுறவுச் சங்கத்துக்காகப் பணிசெய்தார். சிறு மரத்துண்டுகளை இணைத்து அமைத்த பரவளைவு விற்களால் அங்கே ஒரு மண்டபத்தைத் தாங்கச் செய்தார். மற்றையது, சக்ராதா பமீலியா தேவாலய வளவினுள் அவர் கட்டிய சிறு பாடசாலை. தேவாலயத்தில் வேலைசெய்தோரினதும் அயலவரினதும் பிள்ளைகளுக்காக, குறைந்த செலவில், செங்கல்லால் எழுந்தது. சுவரும் கூரையும் அலையாக நெளிகின்றன; அந்நெளிவே மெல்லிய செங்கல்லுக்கு வலிமை தருகின்றது. கூரையின் மரங்களோ நேரானவை. நேர்க்கோடுகளே சேர்ந்து வளைவைப் பிறப்பிக்கின்றன. 1928இல் இங்கு வந்த லெ கொர்புசியே இதனை வியந்து வரைந்துகொண்டார். மலிவான பொருளும் கூர்த்த அறிவும் பொதுத் தேவையும் ஒன்றுபட்டால் எத்தகைய அழகு பிறக்கும் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை. இது கட்டப்பட்ட ஆண்டு 1909. பெரெர் சுடப்பட்ட அதே ஆண்டு. ஒரே நகரம் அவ்வாண்டில் ஒரு பாடசாலைக்குக் கூரையிட்டது. வேறொரு பாடசாலையை நிறுவியவரைச் சுவரோடு நிறுத்திச் சுட்டது. இம்முரண்பாட்டைத் தவிர்த்துக் கௌடியின் காலத்தை விளங்கிக்கொள்ள முடியாது. எமது பயணத்தில் அப்பாடசாலைக்கு ஒதுக்கப்பட்ட நேரம் எதுவுமில்லை. கோபுரங்களைப் படமெடுக்கவே நேரம் போதவில்லை.

தேவாலயத்தைப் பற்றியும் ஒன்று கூறவேண்டும். 1882இல் அடிக்கல் நாட்டப்பட்டு, மறு ஆண்டு கௌடியிடம் கையளிக்கப்பட்ட இவ்வாலயம், 137 ஆண்டுகளின் பின் 2019இலேயே முறையான கட்டட அனுமதி பெற்றது. அதற்கு முன் 2018இல், பத்தாண்டுகளில் 3 கோடி 60 இலட்சம் யூரோ நகருக்குச் செலுத்த நிருவாகம் உடன்பட்டது. முன்வாயிலுக்குத் திட்டமிட்ட பெரும் படிக்கட்டு நிறைவேறினால் தம் வீடுகள் இடிபடுமென எதிர்ப்புறத்துக் குடியிருப்போர் எதிர்த்து வருகின்றனர். கல்லிலே எழுதப்பட்ட காவியம் ஒன்று தன் இறுதிச் சருக்கத்துக்கு மனிதரின் வீடுகளைக் கேட்குமாயின், விமர்சகன் யார் பக்கம் நிற்பது?

வீட்டுப் பிரச்சினை இன்று அந்நகரின் தலையாய பிரச்சினை. குவெல் பூங்காவின் கதை இதற்கோர் உருவகம் போன்றது. செல்வருக்கான குடியிருப்பாக 1900இல் தொடங்கி, மனைகள் விலைபோகாது தோற்று, 1926இல் மக்கள் பூங்காவாகத் திறக்கப்பட்டது. 2013இலோ அதன் முக்கிய பகுதிக்கு ரிக்கற் வந்தது. 2024 ஜூலையில் நகரத்தார் உல்லாசப் பயணிகள்மீது நீர்த்துப்பாக்கியால் நீர் பீய்ச்சி ஆர்ப்பாட்டஞ் செய்தனர். அதற்கு முந்திய மாதமே, உல்லாசப் பயணிகளுக்கு வாடகைக்கு விடப்படும் ஏறத்தாழ 10,000 வீடுகளின் அனுமதியை 2028இன் பின் புதுப்பிப்பதில்லையென நகரபிதா அறிவித்திருந்தார். பயண முடிவிலே வழிகாட்டியிடம் அவர் எங்கு வசிக்கிறார் என்று வினவினோம். நகரினுள் வாடகை கொடுக்க இயலாமையால், ஒரு மணி நேர றெயில் தூரத்திலே மூவரோடு அறையெடுத்து இருப்பதாகக் கூறினார். தன் நகரை அந்நியருக்கு நாள்தோறும் காட்டிவிட்டு, இரவில் அந்நகரை விட்டு வெளியேறுகின்றார். நாம் தங்கியிருந்ததும் அவ்வாறான வாடகை வீடொன்றிலேதான். குற்றஞ்சாட்டும் விரல் எம்மையுஞ் சுட்டுகின்றது என்பதை மறைப்பது நேர்மையாகாது.

கடைசியாக நின்ற இடம் சான் பெலிப் நேரி சதுக்கம். கௌடி நாள்தோறும் வழிபடச் சென்ற தேவாலயம் இங்கிருக்கின்றது. 1926 ஜூன் 7ஆம் திகதி இங்கு வரும் வழியிலேயே ட்ராம் வண்டி மோதியது. கந்தலுடையைக் கண்டு பிச்சைக்காரனென எண்ணி, ஏழைகளின் வைத்தியசாலையிற் சேர்த்தனர். மூன்றாம் நாள் இறந்தார். வழிகாட்டி இதை உருக்கமாகச் சொன்னார். ஆனால் எமது கண்கள் சுவரில் இருந்தன. அத்தேவாலயச் சுவர் முழுதும் குழிகள். 1938 ஜனவரி 30ஆம் திகதி, பிராங்கோவுக்குத் துணைநின்ற இத்தாலிய விமானங்கள் குண்டு வீசியதில் இங்கே 42 பேர் இறந்தனர்; பெரும்பாலோர் தஞ்சம் புகுந்திருந்த சிறுவர். அருகே இன்றும் ஒரு பாடசாலை உண்டு. நாம் நின்றவேளை இடைவேளை மணி அடித்தது. பிள்ளைகள் ஓடிவந்து அக்குழிச் சுவரிலே பந்தடித்து விளையாடினர். குண்டுபட்ட பாடசாலைச் சுவர்களைக் கண்டு பழகிய எமக்கு, அச்சுவரை விளக்க வழிகாட்டி தேவைப்படவில்லை.

ஆசிரிய நண்பர்களே, கல்விச் சுற்றுலா என்று ஆண்டுதோறும் மாணவரை அழைத்துச் செல்கின்றோம். சிகிரியாவைக் காட்டுகின்றோம், பொலநறுவையைக் காட்டுகின்றோம், கோயிற் கோபுரங்களைக் காட்டுகின்றோம். கட்டுவித்த அரசனின் பெயரையும் ஆண்டையும் எழுதிக்கொள்ளச் சொல்கின்றோம். அவற்றோடு மூன்று கேள்விகளையுஞ் சேர்த்துக் கேட்கப் பழக்குவோம். இதற்குப் பொருள் எங்கிருந்து வந்தது? இதைக் கட்டிய கை எந்த வித்தையை அறிந்திருந்தது? இன்று இதன் நிழலில் வாழ்பவர் யார், வாழ முடியாது போனவர் யார்? முதலாம் கேள்வியை மட்டும் கேட்பவன் அழகுக்குக் குருடனாவான். இரண்டாவதை மட்டும் கேட்பவன் அநீதிக்குக் குருடனாவான். மூன்றாவதைக் கேளாதவன் எந்நாட்டிலும் வெறும் உல்லாசப் பயணியாகவே இருப்பான். அடுத்த தவணைச் சுற்றுலாவில் எமது வகுப்பிலிருந்தே இதனைத் தொடங்குவதாக இருக்கிறோம்.