சட்டம் இல்லாத உலகங்கள்

தமிழ் சினிமா வேற்றுலகத்தைப் பெரும்பாலும் இரண்டு வழிகளில் படைத்திருக்கிறது. ஒன்று, புராணம் கொடுத்த எமலோகத்தை எடுத்துக்கொண்டு அதில் நம் காலத்து மனிதனைக் கொண்டுபோய் நிறுத்துவது. மற்றொன்று, எந்தப் புராணத்தையும் சாராமல் ஓர் உலகத்தை முழுதாகக் கற்பனை செய்வது. முதல் வழியில் படங்கள் திரும்பத் திரும்ப வந்தன, மக்களும் ரசித்தார்கள். இரண்டாவது வழியில் துணிந்து இறங்கிய செல்வராகவனின் ‘இரண்டாம் உலகம்’ (2013) வசூலில் தோற்றது. பணமும் தொழில்நுட்பமும் போதவில்லை என்பதே இதற்குப் பொதுவாகச் சொல்லப்படும் விளக்கம். அந்த விளக்கம் போதாது. கற்பனை உலகம் நிலைப்பது அதற்கென்று ஒரு சட்டம் இருந்து, அந்தச் சட்டத்திலிருந்தே கதை பிறக்கும்போதுதான். நம் படைப்பாளிகள் காட்சிக்குச் செலவிடும் உழைப்பை இந்தச் சட்டத்துக்குச் செலவிடுவதில்லை.

எமலோகப் படங்களின் பலத்தை முதலில் பார்ப்போம். 1977-இல் வந்த தெலுங்குப் படமான ‘யமகோலா’, 1980-இல் சிவாஜி கணேசன் நடிப்பில் ‘எமனுக்கு எமன்’ ஆனது. ரஜினிகாந்தின் ‘அதிசய பிறவி’ (1990), கவுண்டமணி எமனாகவும் செந்தில் சித்திரகுப்தனாகவும் வந்த ‘லக்கி மேன்’ (1995) ஆகியவையும் தெலுங்கிலிருந்து வந்தவையே. இவற்றில் அரங்க அமைப்பு எளிமையானது: ஒரு சிம்மாசனம், சில தூண்கள், ஒரு தடித்த ஏடு. ஆனால் சட்டம் கறாரானது. ஒவ்வோர் உயிருக்கும் ஆயுள் குறிக்கப்பட்டிருக்கிறது. கணக்கு ஏட்டில் இருக்கிறது. கணக்கு தவறினால் எமனே பதில் சொல்ல வேண்டும். காலத்துக்கு முன்பே உயிரைப் பறித்தது தெரிந்ததும் ‘அதிசய பிறவி’யின் நாயகனுக்கு வேறோர் உடல் தந்தாக வேண்டியிருக்கிறது. ‘லக்கி மேன்’ படத்தில் சித்திரகுப்தனின் ஏடு பூமியில் விழுந்துவிட, எமலோகமே தடுமாறுகிறது. அம்பத்தூர் தொழிற்பேட்டையில் வருகைப் பதிவேட்டோடும் மேலாளரோடும் மல்லுக்கட்டும் தொழிலாளிக்கு இந்த உலகத்தை யாரும் விளக்க வேண்டியதில்லை. பதிவேட்டில் ஏறிய பிழையைத் திருத்துவது எவ்வளவு கடினம் என்பதை அவர் வாழ்ந்தே அறிந்தவர்.

அதே வழியின் குறையும் இந்தப் பலத்திலிருந்தே கிளைக்கிறது. இரவல் வாங்கிய சட்டத்தை யாரும் கேள்வி கேட்பதில்லை. பிழை திருத்தப்படுகிறது, நாயகன் பூமிக்குத் திரும்புகிறான்; அத்தோடு கதை முடிகிறது. பிழை செய்த அமைப்பு அப்படியே இருக்கிறது. ‘தர்ம பிரபு’ (2019) எமனின் பதவியை வாரிசு அரசியலாக மாற்றிப் பார்த்தது நல்ல முயற்சி. ஆனால் அங்கும் ஆள்தான் மாறுகிறார், ஏட்டின் நியாயம் விசாரிக்கப்படுவதில்லை. எமலோகத்தை விட்டு வெளியே வந்தாலும் இதே நிலைதான். ‘அந்நியன்’ (2005) கருட புராணத்தின் தண்டனைகளை அப்படியே பூமிக்கு இறக்கியது. குற்றத்துக்கும் தண்டனைக்கும் இடையில் இருக்க வேண்டிய அளவு பற்றிய கவலையைவிட, தண்டனையின் கொடூரம் தரும் கிளர்ச்சியே அந்தப் படத்தில் மேலோங்கியது.

இனி ‘இரண்டாம் உலகம்’. காதல் என்பதையே அறியாத, பெண்கள் அடிமைகளாக நடத்தப்படும் ஓர் உலகத்தை அந்தப் படம் முன்வைத்தது. கருத்து வலிமையானது, ஜார்ஜியாவில் எடுக்கப்பட்ட நிலக்காட்சிகள் கண்ணைக் கவர்பவை. ஆனால் அந்த மக்கள் ஏன் அப்படி ஆனார்கள், அடிமைமுறையால் அங்கே யாருக்கு ஆதாயம், அதை எது காத்து நிற்கிறது ஆகிய கேள்விகள் காட்சிகளாக விரியவில்லை. அதனால் அந்த உலகத்தின் நாயகி வர்ணாவின் கோபம் ஒரு தனிப் பெண்ணின் குணமாகச் சுருங்குகிறது. ஓர் உலகத்தின் மீதான எதிர்ப்பாக வளரவில்லை. இதே இயக்குநரின் ‘ஆயிரத்தில் ஒருவன்’ (2010) படத்தோடு ஒப்பிட்டால் வேறுபாடு தெளிவாகும். அதில் மறைந்து வாழும் சோழர் கூட்டத்துக்குப் பழந்தமிழ் இருக்கிறது, பசி இருக்கிறது, தூதுவன் வருவான் என்ற தலைமுறைக் காத்திருப்பு இருக்கிறது. மன்னனின் கொடுமையும் கண்ணீரும் அந்தப் பசியிலிருந்தே வருகின்றன. வெளியானபோது குழப்பமாகத் தெரிந்த படம் பிற்காலத்தில் கொண்டாடப்படுவதற்கு, இந்த உள் ஒழுங்கே முக்கியக் காரணம் என்று கருதுகிறேன்.

மாயக்கதையில் காரண காரியம் தேடலாமா, அது களைப்பு நீங்கப் பார்ப்பதல்லவா என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான். ஆனால் களைப்பு நீங்கப் பார்த்த கதைகளிலேயே விதிகள் உண்டு. கே. வி. ரெட்டியின் ‘பாதாள பைரவி’ (1951) படத்தில் வரம் வேண்டுமானால் பலி கொடுக்க வேண்டும். வீரனைப் பலியிட வந்த மந்திரவாதியே பலியாகிறான். அந்த விதியைக் கழித்துவிட்டால் அங்கே கதையே இல்லை. பணமில்லை என்ற வாதமும் முழுதாக நிற்காது. பூந்தமல்லிக்கு மேற்கே, செம்பரம்பாக்கம் அருகே, ஒருகாலத்தில் கேளிக்கைப் பூங்காவாக இருந்த ஈ.வி.பி. வளாகம் இன்று ‘பிக்பாஸ்’ வீடு முதல் பெரும் படங்களின் அரங்குகள் வரை தாங்கும் படப்பிடிப்பு நகரமாக இருக்கிறது. இடம் இருக்கிறது; கைதேர்ந்த தச்சர்களும் ஓவியர்களும் நம்மிடம் இருக்கிறார்கள். அரங்குக்கு மனித விலையும் உண்டு. அதே வளாகத்தில் 2020 பிப்ரவரி 19 அன்று ‘இந்தியன் 2’ படப்பிடிப்பில் கிரேன் சரிந்து மூன்று பேர் உயிரிழந்தனர். தொழிலாளர்கள் உயிரைப் பணயம் வைத்து எழுப்பும் அரங்குக்குள் அரைகுறையாக எழுதிய கதையை நிறுத்துவது அந்த உழைப்புக்குச் செய்யும் அவமதிப்பு.

எமலோகப் படங்களிடம் சட்டம் இருந்தது, அதை எதிர்க்கும் துணிவு இல்லை. ‘இரண்டாம் உலக’த்திடம் துணிவு இருந்தது, சட்டம் இல்லை. அடுத்து வேற்றுலகம் படைக்க வருபவர்கள் இரண்டையும் சேர்க்க வேண்டும். அந்த உலகில் யார் உழைக்கிறார்கள், யார் உண்கிறார்கள், தவறுக்கு யார் பொறுப்பு என்பதைத் தாளில் எழுதி முடித்த பிறகு தச்சரைக் கூப்பிடுங்கள்.