றொசாரியோ கஸ்தெல்லானோஸின் 'கின்சி அறிக்கை'

மெக்சிக்கோக் கவிதையிலே பெண்ணின் குரல் நேற்றுத் தோன்றியதன்று. பெண்ணை நெறிபிறழத் தூண்டிப் பின் அவளையே பழிக்கும் ஆடவரின் பேதைமையைச் சோர் ஹுவானா என்னும் கன்னித்துறவி பதினேழாம் நூற்றாண்டிலேயே செய்யுளில் இடித்துரைத்தார். ஆயின், அது வழக்குரை. ஆடவரை முன்னிறுத்தி நியாயம் கேட்பது. றொசாரியோ கஸ்தெல்லானோஸ் (1925-1974) கைக்கொண்ட வழி வேறு.

அமெரிக்க அறிஞர் கின்சி, பெண்களின் பாலியல் ஒழுகலாறு பற்றிய தமது ஆய்வை 1953இல் வெளியிட்டார். மெக்சிக்கோப் பெண்கள் நாடளாவிய தேர்தல்களில் வாக்குரிமை பெற்றதும் அவ்வாண்டிலேதான். அவ்வாய்வின் பெயரையே தலைப்பாகக் கொண்ட கஸ்தெல்லானோஸின் கவிதை, 1972இல் வெளிவந்த அவருடைய திரட்டில் உள்ளது. அதில் ஆறு பெண்கள் விடையிறுக்கின்றனர். வினவுபவர் குரல் கேட்பதில்லை. விடையைக் கொண்டே வினாவை உய்த்துணர்தல் வேண்டும்.

முதலிற் பேசுபவள் மணமானவள். மணநாளில் அணிந்த ஆடை இப்போது அவளுக்குப் பொருந்துவதில்லை. கணவன் தன் உரிமையைக் கொள்ள வரும்போது நாணங்கருதி மறுக்கின்றாள். கீழ்ப்படிதல் கருதி இணங்குகின்றாள். இன்பம் உண்டோ எனின், இல்லை என்கிறாள். தான் மானமுள்ள பெண்ணாதலின் இருத்தலுந் தகாது என்கிறாள். இவ்விடத்தை நான் பன்முறை படித்ததுண்டு. மறுப்பும் அவளுடையதன்று, இணக்கமும் அவளுடையதன்று. இரண்டும் பிறர் கற்பித்த பாடங்கள். அவள் எவரையும் நொந்துகொள்ளாமையே நம்மை வருத்துகின்றது.

'அணியில்லை, சந்தமில்லை, இதுவும் கவிதையோ?' என்பார் உளர். ஸ்பானியக் கவி பெக்கர், பெண்ணே கவிதை எனப் பாடிப் புகழ்பெற்றார். கஸ்தெல்லானோஸ் தம் திரட்டுக்கு இட்ட பெயர் அதனை நேரே மறுப்பது. போற்றப்பட்டுக்கொண்டிருந்தவள் வாய்திறக்கும்போது, போற்றியவரின் அணிகலன்கள் அவளுக்கு எதற்கு?

மணமாகாமலே ஆடவரை அறிந்தவள், மணவிலக்குப் பெற்றவள், இறைவனுக்கெனப் புலனடக்கம் பூண்டவள், பெண்ணையே துணையாகக் கொண்டவள் ஆகியோர் அடுத்து வருகின்றனர். ஆறாமவள் இளங்கன்னி, கதைகளில் வரும் இளவரசனுக்குக் காத்திருப்பவள். வருபவன் குடிப்பவனாயின் திருத்துவாளாம். பிற மகளிரை நாடுபவனாயின் சமையலாலும் பொறுமையாலும் வெல்வாளாம். எள்ளல் இங்குச் சற்று மிகுந்துவிட்டது என்பது என் கருத்து. எனினும், இவளை இறுதியில் நிறுத்தியதிலேயே கவிதையின் உயிர் இருக்கின்றது. வாழ்க்கை முறைப்படி இவளே முதலில் வரவேண்டியவள். ஐவர் விடைகளையுங் கேட்டுவிட்ட நமக்கு, அவற்றைக் கேளாத இவளுடைய நம்பிக்கை அச்சந்தருகின்றது. தன் பெற்றோரைப் போலத் தானும் மணப் பொன்விழாக் காண்பேன் என்கிறாள். அந்தத் தாயும் முதலாமவளைப் போன்றவளோ என்று அவள் ஒருநாளேனும் எண்ணிப் பார்த்ததாகத் தெரியவில்லை.